லிப்ட் குழிக்குள் இரண்டு ஹெம்லொக் பலகைகள்

1. வெள்ளவத்தையில் கட்டிக்கொண்டிருந்த ஒரு தொடர்மாடிக்கு லிப்ட் சாமான்கள் நீளமான மரப்பெட்டிகளில் வந்து இறங்கின.
2. சாமான்களை எடுத்த பிறகு பெட்டிகளைக் கழற்றினார்கள். அந்தப் பலகைகளையே லிப்ட் குழிக்குக் குறுக்கே போட்டு, அவற்றின்மேல் ஆட்கள் நின்று வேலை செய்தார்கள்.
3. தளத்தின் மேற்பார்வையாளர் கவனமான மனிதர். ஒரு பலகையில் சிறு துண்டு வெட்டி எங்கள் ஆய்வுகூடத்துக்கு அனுப்பி, "இது பைனா?" என்று கேட்டார்.
4. "பைன் இல்லை, ஹெம்லொக்" என்று நான் பதில் அனுப்பினேன்.
5. பதில் சரியானது.
6. அது போய்ச் சேர்ந்த நேரத்தில் ஆறாம் மாடி உயரத்தில் ஒருவர் அந்தப் பலகைகள்மேல் நின்றுகொண்டிருந்தார்.
7. அன்று பின்னேரத்துக்குள் அந்தப் பலகைகளில் ஒன்று முறிந்தது.

ஐந்துக்கும் ஏழுக்கும் இடையில் நடந்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

இந்த மாத முடிவோடு நான் இந்த மேசையை விட்டு எழும்புகிறேன். ஓய்வுபெறும் வயது எனக்கு இன்னும் வரவில்லை. கற்பிக்கும் வேலை ஒன்று கிடைத்திருக்கிறது, போகிறேன். என் கதிரைக்கு வரப்போகிற உங்கள் இரண்டு பேருக்கும் கருவிகளைப் பற்றிச் சொல்ல வேறு ஆட்கள் இருக்கிறார்கள். நான் சொல்ல நினைப்பது பயத்தைப் பற்றி.

முதலில் மரம். ஹெம்லொக் குளிர்நாட்டு ஊசியிலை மரம். குட்டையான தட்டை இலைகள், இலையின் அடியில் இரண்டு வெண்கோடுகள், கட்டைவிரல் நுனி அளவுக் காய்கள், வெட்கப்படுவதுபோல் வளைந்து தொங்கும் உச்சிக் குருத்து என்றெல்லாம் பயிற்சியில் படித்திருப்பீர்கள். அவற்றில் ஒன்றும் கொழும்புத் துறைமுகத்தில் இறங்குவதில்லை. இந்தக் கூடத்தில் யாரும் அந்த மரம் நிற்பதைப் பார்த்ததில்லை. நமக்கு அது பெட்டியாக வரும், சாமான் அடுக்கும் தட்டாக வரும், சில நேரம் ஏணியாக வரும். அந்த நாடுகளில் வீட்டுச் சட்டம் அடிக்கிறார்கள், காகிதக் கூழ் ஆக்குகிறார்கள், பட்டையைத் தோல் பதனிடப் பயன்படுத்தினார்கள். கெட்ட மரம் இல்லை. ஈரத்தையும் கறையானையும் மட்டும் தாங்காது.

நம் ஊர் மரக்கடையில் வெள்ளையாகவும் இலேசாகவும் இருக்கும் எதற்கும் பைன் என்றுதான் பெயர். பைனில் பிசின் ஓடும் குழாய்கள் உண்டு. வெட்டுமுகத்தைக் கூராகச் சீவி லென்ஸ் வைத்தால் ஊசி குத்தியதுபோல் தெரியும். ஹெம்லொக்கில் சாதாரணமாக அவை இருக்காது. மணத்தை நம்ப வேண்டாம். கப்பலில் பைனுக்குப் பக்கத்தில் அடுக்கப்பட்டால் ஹெம்லொக்கும் டர்பன்டைன் மணத்தோடுதான் இறங்கும். ஃபர் என்கிற மரத்திலும் குழாய்கள் இல்லை என்பதால் அதையும் இதையும் பிரிக்க நுணுக்குக்காட்டி வேண்டும். அன்று வந்த துண்டு சவர்க்காரக் கட்டி அளவுதான். பார்த்தேன், பெயரைச் சொன்னேன், அனுப்பினேன்.

மேற்பார்வையாளரை எல்லோரும் நிஸாம் நானா என்பார்கள். அவரிடமிருந்து உடனே குரல் செய்தி வந்தது. பின்னால் துளை போடும் இரைச்சல். அவர் பேச்சில் 'இருக்கு' என்பது 'ஈக்கி' ஆகும், 'சொல்லு' என்பது 'செல்லு' ஆகும்.

"தேங்க்ஸ் மிஸ். ஹெம்லொக்கோ என்னமோ, நல்ல மரம் போலதான் ஈக்கி. யோகா காலைல இருந்து மேல நிண்டு அடிக்கிறான், ஆடக்கூட இல்ல."

நானும் சிரித்துவிட்டு, கோப்பில் வைக்க அந்தத் துண்டிலிருந்து ஒரு மெல்லிய சீவல் எடுக்கத் தொடங்கினேன். சீவல் இரண்டாகப் பிரிந்தது. பிளேட் மழுங்கிவிட்டது என்று நினைத்துப் புதிதாக ஒன்று போட்டேன். மறுபடியும் பிரிந்தது. இடம் மாற்றி எடுத்தேன். எங்கே எடுத்தாலும் அதே இடத்தில், ஒரே வளையத்தின் ஓரத்தில், பிரித்துப்போட்ட பிஸ்கட்போல இரண்டாக வந்தது.

பிழை என் பிளேடில் இல்லை என்று அப்போதுதான் விளங்கியது.

ஹெம்லொக் நிழலுக்கு அஞ்சாத மரம். பெரிய மரங்களின் கீழே, மனித ஆயுளைவிட நீண்ட காலம்கூட, செத்தும் சாகாமலும் நிற்கும். அந்தக் காலத்து வளையங்கள் புத்தகத் தாள்கள்போல் நெருக்கமாக இருக்கும். பிறகு ஒருநாள் பக்கத்து மரம் சரியும். வெளிச்சம் விழும். மரம் திடீரென்று அகல வளையங்கள் போடத் தொடங்கும். அந்த ஒடுங்கிய பகுதியும் அகன்ற பகுதியும் சந்திக்கும் இடத்தில் சில மரங்கள் உள்ளுக்குள்ளேயே விட்டுவிடும். வெளியில் ஒன்றும் தெரியாது. மரம் நிமிர்ந்து நிற்கும். அறுத்துப் பலகையாக்கினால், பலகை ஒன்றாகத் தெரியும். உண்மையில் அது ஒன்றன்மேல் ஒன்று கிடக்கும் இரண்டு பலகைகளாக இருக்கலாம். வளைய வெடிப்பு என்பது இதுதான். என் கையில் இருந்த சவர்க்காரக் கட்டியில் ஒடுங்கிய வளையங்களும் இருந்தன, அகன்ற வளையங்களும் இருந்தன, நடுவில் அந்தக் கோடும் இருந்தது.

பெட்டிக்கு இது பெரிய குறையில்லை. பெட்டியின் பலகை சாமான்களைச் சுற்றிப் பிடிக்கிறது, நாலு பக்கமும் ஆணி தாங்குகிறது. குழிக்குக் குறுக்கே கிடக்கும் பலகையின் நடுவில் ஆள் நிற்கிறார். "லிப்ட் ஓடுற இரும்புத் தண்டவாளத்தையே சுமந்துவந்த பலகை, ஆளைச் சுமக்காதா?" என்று லிப்ட் பொருத்துகிறவர்கள் எல்லோரும் கேட்பார்கள். கேட்டால் நியாயம்போல்தான் இருக்கும்.

அடுத்த மேசையில் இருந்தவர் என்னைவிடச் சற்று முன்னால் வேலைக்குச் சேர்ந்தவர், பாமன்கடைப் பக்கத்துக்காரி. பெயரைப் போடக்கூடாது என்று கண்டிப்பாகச் சொல்லிவிட்டார், அதனால் அக்கா என்றே எழுதுகிறேன். அவரிடம் பிரிந்த சீவலை நீட்டினேன். லென்ஸை எடுக்காமலே கேட்டார்.

"இதுக்கு மேல என்ன நிக்குது?"

"ஆள் ஒராள். ஆறாம் மாடியில."

"இப்பவா?"

"இப்பதான்."

"எடும் போனை."

நிஸாம் நானா எடுக்கவில்லை. மறுபடியும் எடுக்கவில்லை. குரல் செய்தி போட்டேன். கேட்ட அடையாளம் வரவில்லை. அந்தத் தளத்தில் வேறு யாருடைய இலக்கமும் எங்களிடம் இல்லை.

"நீர் போம்," என்றார். "நான் அடிச்சுக்கொண்டே இருக்கிறன். ஒண்டு கேளும். போன உடன கத்த வேண்டாம். திடுக்கிட்டா மனுசன் பாய்வான். பாய்ஞ்சா அவன்ர பாரம் அவன்ர பாரமா இராது, ரெண்டு மடங்காகும்."

எங்கள் ஆய்வுகூடம் இருக்கும் கொட்டாஞ்சேனையிலிருந்து வெள்ளவத்தைக்கு எத்தனையோ தடவை போயிருக்கிறேன். அன்றைய தூரம் வேறு. ஓட்டோக்காரரிடம் "அய்யே, இக்மன்ட யன்ன" என்று சீக்கிரம் போகச் சொன்னேன். கண்ணாடியில் என் முகத்தைப் பார்த்தவர் "இஸ்பிரித்தாலெட்டத மிஸ்?" என்றார். ஆஸ்பத்திரிக்கா என்று கேட்கிறார். இல்லை என்றேன். இன்னும் இல்லை என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டேன். சொன்னதும் அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது என்று பயந்தேன்.

பயம் வந்தால் நான் பட்டியல் போடுவேன். அது என் பழக்கம். ஓட்டோவுக்குள் மனதில் போட்டது இது: எனக்குத் தெரிந்தது, ஒரு துண்டில் வெடிப்பு இருக்கிறது. தெரியாதது, அந்தத் துண்டு எந்தப் பலகையில் வெட்டியது. அந்தப் பலகை இப்போது குழியில் கிடக்கிறதா, மூலையில் கிடக்கிறதா. மற்றப் பலகைகள் எப்படி. தெரிந்தது ஒன்று, தெரியாதது மிச்சம் எல்லாம். மெரின் டிரைவில் கடல் பக்கத்தில் ஓடிக்கொண்டே வந்தது. அக்கா செய்தி அனுப்பினார்: "இன்னும் எடுக்கேல்ல."

நான் பிழையாக இருந்தால் என்ன என்றும் யோசித்தேன். ஒரு வேலைத்தளத்தைப் பாதியில் நிறுத்தி, சிரிக்கும் ஆட்களுக்கு முன்னால் நிற்கவேண்டி வரும். அந்தப் பயமும் உண்மையான பயம்தான். உங்களுக்கும் வரும். ஆனால் இரண்டு பயங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். ஒன்று மற்றதைவிட மிகவும் சின்னது என்று தெரியும்.

தளத்து வாசலில் காவலாளி, நிஸாம் நானா மேலே என்றார். போன் கீழே அலுவலகத்தில் சார்ஜில் கிடந்தது. மேசையில் அதிர்ந்தபடியே இருந்தது. அக்காதான் விடாமல் அடித்துக்கொண்டிருந்தார். நான் படியேறினேன். ஒவ்வொரு தளத்திலும் கதவில்லாத குழிவாசல் ஒன்று கறுப்பாகத் திறந்து கிடந்தது. மேலே துளைபோடும் இரைச்சல் கேட்கும்வரை ஆள் நிற்கிறார் என்று அர்த்தம். இரைச்சல் நிற்கும்போதெல்லாம் நானும் படியில் நின்றேன். தொடங்கியதும் நடந்தேன்.

ஆறாம் மாடியில் நிஸாம் நானா குழிவாசலில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்.

"ஆ, மிஸ்! நேர்ல வந்தீங்களா? என்னத்துக்கு இந்தப் படியெல்லாம் ஏறி? மூச்சு வாங்குது, இருங்க."

நான் உள்ளே பார்த்தேன்.

இரண்டு பலகைகள் வாசல்படியிலிருந்து பின்சுவர் வரை பக்கத்தில் பக்கத்தில் கிடந்தன. யோகா என்ற யோகராஜா வலப்பக்கப் பலகையில், பின்சுவருக்குக் கிட்ட, வலச்சுவரில் துளை போட்டுக்கொண்டிருந்தார். ஹட்டன் பக்கத்து ஆள், நல்ல உயரம். உடம்பின் பாரம் முழுவதும் துளைக்கருவியில் சாய்ந்திருந்தது. பாதுகாப்புப் பட்டி கட்டியிருந்தார். ஆனால் பட்டியின் கொக்கியைப் பலகையைச் சுற்றிக் கட்டிய கயிற்றில் மாட்டியிருந்தார். அங்கே மாட்டினால்தான் இரண்டு சுவருக்கும் எட்டும் என்பார்கள். பலகை போனால் பட்டியும் அதனோடு போகும்.

பலகைகளின் முனைகளைப் பார்த்தேன். அங்கேதான் வெடிப்புத் தெரியவேண்டும். இரண்டு முனையும் தடித்த பச்சைப் பெயின்ட். ஒரே கட்டடத்தில் இரண்டு ஒப்பந்தக்காரர் வேலை செய்தால் ஒருவர் பலகையை மற்றவர் ஆட்கள் தூக்கிப் போய்விடுவார்கள். அதனால் ஒவ்வொருவரும் தங்கள் பலகையின் முனையில் ஒரு நிறம் பூசுவது வழக்கம். நிஸாம் நானாவின் நிறம் பச்சை. கவனமான மனிதர் என்பதால் நன்றாகவே பூசியிருந்தார்.

பிறகு தூசைப் பார்த்தேன். பலகைகள்மேல் சீமெந்துத் தூசு மாவுபோல் படிந்திருந்தது. கருவி அதிரும்போது தூசும் துள்ளியது. வலப்பக்கப் பலகையில் ஓரத்தையொட்டி நீளவாக்கில் ஒரு கோட்டில் மட்டும் தூசே இல்லை. அந்தக் கோட்டுக்குள் தூசு இறங்கிக்கொண்டிருந்தது.

"நானா," என்றேன், காதுக்குக் கிட்ட. "பலகை வெடிச்சிருக்கு. கத்த வேணாம்."

அவர் முகத்திலிருந்த சிரிப்பு இறங்க நேரமெடுத்தது. "எது?"

"யோகா நிக்கிறது."

"யா அல்லாஹ்." அவர் கை சுவரிலிருந்த மின்சுவிட்சுக்குப் போனது. "லைன கட் பண்றன்."

அவர் மணிக்கட்டைப் பிடித்தேன். இதற்கு முன் எந்த வாடிக்கையாளரின் கையையும் நான் தொட்டதில்லை. "வேணாம். பாரம் எல்லாம் மெசின்ல சாஞ்சிருக்கு. திடீரெண்டு நிண்டா ஆள் தடுமாறுவார். அந்த ஓட்டைய முடிக்கட்டும்."

"முடியிறவரைக்கும் பாத்துட்டு நிக்கிறதா?"

"ஓம்."

அந்தக் காத்திருப்புத்தான் என் வேலைக்காலத்தில் மிக நீளமானது. தூசு அந்தக் கோட்டுக்குள் இறங்கிக்கொண்டே இருந்தது. நிஸாம் நானாவின் உதடுகள் அசைந்தன. நான் பலகையைப் பார்ப்பதா யோகராஜாவின் முதுகைப் பார்ப்பதா என்று தெரியாமல் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தேன். நான் எடுத்த முடிவு பிழை என்றால் அது என் கண்ணுக்கு முன்னாலேயே தெரியப்போகிறது.

கருவி நின்றது. யோகராஜா அதைத் தூக்கி நிமிர்ந்து நெற்றியைத் துடைத்தார்.

"டீ வந்தீக்கி எண்டு கூப்பிடவா?" நிஸாம் நானா கிசுகிசுத்தார். "அதுக்கெண்டா சுருக்கா வருவான்."

சுருக்காக வருவார். அதுதான் சிக்கல். வாசலுக்கும் அவருக்கும் இடையில் இரண்டு எட்டுத்தான். இரண்டு எட்டு என்றால் யாரும் பாய்வார்கள்.

"வேணாம். உண்மையச் சொல்லுவம். எங்க கால் வைக்கிறது எண்டு அவருக்குத் தெரியவேணும்."

"அப்ப மத்தப் பலகைக்கு மாறச் செல்லுங்க. இடப்பக்கம் கோடு ஒண்டும் இல்லையே, பாருங்க. நல்லா ஈக்கி."

பார்த்தேன். இடப்பக்கப் பலகை சுத்தமாக இருந்தது. தூசு ஒரே சீராகப் படிந்திருந்தது. ஓம் என்ற சொல் என் வாய்வரை வந்துவிட்டது. பிறகு அதன் முனையைப் பார்த்தேன். பச்சை. அதற்குள் என்ன இருக்கிறது என்று எனக்குத் தெரியாது. கோடு தெரியவில்லை என்பதும் கோடு இல்லை என்பதும் ஒன்றல்ல.

"அதையும் நம்ப ஏலாது. ரெண்டிலயும் பாதிப் பாதியா பாரம் போகட்டும்."

நிஸாம் நானா தொண்டையைச் செருமினார். பிறகு அவர் கதைத்த குரலை நான் மறக்கமாட்டேன். நாளைக்கு எத்தனை மணிக்கு வேலைக்கு வருவாய் என்று கேட்கிற குரல்.

"யோகா. அப்படியே நில்லு மகன். திரும்பாத. இந்த மிஸ் மரம் பாக்கிற மிஸ். நீ நிக்கிற பலகைல வெடிப்பு ஈக்காம்."

யோகராஜாவின் தோள்கள் இறுகின. கால்கள் அசையவில்லை.

"பெருசாங்க மிஸ்?"

"தெரியாது," என்றேன். "அவசரப்படாம வந்தா வரலாம்."

"தெரியாதுன்னு சொல்றதுக்கா ஆறு மாடி ஏறி வந்தீங்க?"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. நிஸாம் நானாதான் கேட்டார்: "காலைல இறுக்கின பிராக்கெட் உன் கைக்கு எட்டுதா?"

"எட்டுது."

"கொக்கிய அதுல மாட்டு. மெசின மெல்லமா ரெண்டு பலகைக்கும் நடுவுல வை."

அவர் குனியாமல், முழங்காலை மட்டும் மடித்துக் கருவியை வைத்தார். கொக்கியைக் கழற்றினார். கழற்றியதற்கும் சுவரில் இறுக்கிய இரும்புப் பிராக்கெட்டில் மாட்டியதற்கும் இடையில் எதுவும் அவரைப் பிடித்திருக்கவில்லை. மாட்டியபோது வந்த சத்தத்தை நாங்கள் மூன்று பேரும் கேட்டோம்.

"இப்ப பிராக்கெட்டப் பிடிச்சுக்கொண்டு மெதுவா இருங்க," என்றேன். "ரெண்டு பலகையிலயும் சரிபாதியா. இருந்தபடியே தள்ளித் தள்ளி வாங்க."

"சின்னப்புள்ள மாதிரி சறுக்கிகிட்டு வரச் சொல்றீங்களா?"

"ஓம். அப்படித்தான்."

"பாஸ், யாரும் போட்டோ புடிக்கலையே?"

"நான் புடிக்கிறேண்டா, உன் பொஞ்சாதிக்கு அனுப்ப. வா."

அவர் உட்கார்ந்தார். பலகை முனகியது. எது முனகியது என்று தெரியவில்லை. நிஸாம் நானா வாசலுக்கு வெளியே தூணில் கட்டிய கயிற்றின் மறுமுனையைக் கையை நீட்டிக் கொடுத்தார். யோகராஜா அதைப் பட்டியில் முடிந்துவிட்டுப் பிராக்கெட்டிலிருந்து கொக்கியை எடுத்தார். ஒரு தள்ளல். இன்னொரு தள்ளல். அவர் கண்கள் பலகையில் இல்லை, குழியிலும் இல்லை. நேராக என் முகத்தில் இருந்தன. என் முகத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று வாசித்துக்கொண்டே வந்தார். அதனால் முகத்தை ஒன்றும் எழுதாமல் வைத்திருக்க முயன்றேன். இன்றுவரை அதைவிடக் கடினமான வேலை நான் செய்ததில்லை.

நிஸாம் நானா அவர் பட்டியைப் பிடித்து உள்ளே இழுத்தார். இருவரும் தளத்தில் விழுந்தார்கள்.

பலகைகள் முறியவில்லை. கிடந்தபடியே கிடந்தன.

மற்றத் தளங்களிலிருந்து வேலையாட்கள் கூடிவிட்டார்கள். ஒருவர் குழிக்குள் எட்டிப் பார்த்து, "பலகை சும்மா தானே கெடக்கு? மிஸ் பயந்துட்டாங்க," என்றார். சிரித்தார்கள். யோகராஜா சிரிக்கவில்லை, ஆனால் அவரும் என்னைப் பார்த்தார். ஓட்டோவில் நான் யோசித்த அந்தச் சின்னப் பயம் அப்போது வந்து பக்கத்தில் நின்றது.

"போட்டுப் பாப்பம்," என்றார் நிஸாம் நானா.

இரண்டு பலகைகளையும் வெளியே இழுத்தோம். கீழ்த்தளத்தில், குழியின் அதே அகலத்துக்குக் கல் அடுக்கி, வலப்பக்கப் பலகையை அதன்மேல் வைத்தோம். நடுவில் ஒரு சீமெந்து மூட்டை. ஒன்றும் ஆகவில்லை. இரண்டாவது மூட்டை. கோடு கொஞ்சம் வாய் திறந்தது, ஆனால் பலகை தாங்கியது. பின்னால் யாரோ மெதுவாகச் சிரித்தார்கள்.

பிறகு மற்றதை வைத்தோம். கோடே இல்லாத இடப்பக்கப் பலகை. முதல் மூட்டையை இரண்டு பேர் தூக்கி வைத்தார்கள், கையை எடுத்தார்கள். பலகை ஒரு நொடி நின்றது. பிறகு பெரிய சத்தம்கூட இல்லாமல், நனைந்த அட்டைபோல் நடுவில் விட்டு, மூட்டையோடு நிலத்தில் கிடந்தது. வெடிப்பு உள்ளுக்குள் சாய்ந்து போய் அடிப்பக்கமாக இறங்கியிருந்தது. மேற்பக்கத்தில் ஒரு மயிரிழைகூட இல்லை. பச்சைப் பெயின்டை உளியால் சுரண்டினோம். முனையில் வளையத்தின் வளைவிலேயே பிறைபோல் ஒரு கோடு.

யாரும் சிரிக்கவில்லை. காலையிலிருந்து யோகராஜா வலச்சுவரில்தான் வேலை செய்திருந்தார். இடப்பக்கப் பலகையில் முழுப் பாரத்தோடு அவர் ஒருமுறையும் நின்றிருக்கவில்லை. அடுத்த துளைகள் இடச்சுவரில்.

நிஸாம் நானா என்னைப் பார்த்தார். அதற்கு மாறச் சொல்லுங்கள் என்றது அவர். ஓம் சொல்ல வாயெடுத்தது நான்.

யோகராஜா முறிந்த பலகைக்குக் கிட்டப் போய்க் குந்தி, உட்புறத்தைத் தடவினார். அந்த வெடிப்பின் முகம் உடைந்த மரம்போல் சிலும்பாக இருக்காது; வழுவழுப்பாக இருக்கும்.

"இது இன்னிக்கு வெடிச்சதில்ல, இல்லங்களா மிஸ்?"

"இல்ல. மரமா நிக்கேக்கையே வந்தது."

"அப்ப முந்தி அஞ்சு மாடியும் நான் எது மேல நின்னேன்?"

பெட்டிகளிலிருந்து வந்த மிச்சப் பலகைகள் ஒரு மூலையில் அடுக்கிக் கிடந்தன, முனையெல்லாம் பச்சையாக.

அதன் பிறகு நடந்ததையும் சொல்லவேண்டும். ஏனென்றால் உங்களுக்கு அடிக்கடி நடக்கப்போவது இதுதான். நிஸாம் நானா தண்ணீர் குடித்து, முகம் கழுவி, மறுபடி மேற்பார்வையாளர் ஆனார்.

"சரி மிஸ். பெயின்ட சுரண்டித் தாறம். எது எது நல்லது எண்டு நீங்க பாத்துச் செல்லுங்க. மத்ததத் தூக்கி வீசுறம். வேல நிண்டா எனக்கும் கஷ்டம், இவங்களுக்கும் கஷ்டம்."

அவர் கேட்டதில் பிழையில்லை. என்னைச் சுற்றி அத்தனை பேர், எல்லோரும் நான் ஒரு பலகையைக் காட்டி "இது நல்லது" என்று சொல்லக் காத்திருந்தார்கள். அவர்களில் ஒருவர் நாளைக்கு அதன்மேல் ஏறுவார்.

"கெட்டது எது எண்டு சில நேரம் சொல்லுவன் நானா," என்றேன். "நல்லது எண்டு ஒண்டையும் சொல்ல மாட்டன். ரெண்டு முனையும் சுத்தமா இருந்தாலும் நடுவுல இருக்கலாம். மேல சுத்தமா இருந்தது உள்ளுக்கு வெடிச்சிருந்தத இப்ப நீங்களே பாத்தீங்க."

"ஒண்டுமே வேணாமா?"

"ஆள் நிக்கிறதுக்கு ஒண்டுமே வேணாம். கொங்கிறீட்டு ஊத்துறதுக்குத் தட்டடிங்க, மூட்டை அடுக்கிறதுக்குக் கீழ போடுங்க. அதுக்கு நல்ல மரம்."

யோகராஜா இடையில் பேசினார்.

"நீங்க நல்லதுன்னு சொல்லிருந்தாலும் நான் ஏற மாட்டேங்க மிஸ். கோவிச்சுக்காதீங்க."

கோபிக்கவில்லை. அன்று முழுவதும் நான் கேட்ட மிகச் சரியான வார்த்தை அதுதான் என்று அவரிடம் சொன்னேன்.

உங்களுக்கு எழுத நினைத்ததில் முக்கியமானது முடிந்துவிட்டது. ஒன்றை மட்டும் சேர்க்கிறேன். நமக்கு வரும் துண்டை அனுப்புகிறவர்தான் தெரிவுசெய்கிறார். வெட்ட வசதியான இடத்தில், பார்வைக்கு நல்ல இடத்தில் வெட்டுவார். அந்தத் துண்டில் வெடிப்பு இருந்தது எங்கள் அதிர்ஷ்டம். இல்லாமலும் இருந்திருக்கலாம், அப்போதும் என் பதில் சரியாகத்தான் இருந்திருக்கும், யோகராஜா இடப்பக்கப் பலகைக்கு மாறியிருப்பார். மரத்தின் பெயர் அந்த இனம் எப்படி வளரும் என்று சொல்லும். உங்கள் முன்னால் கிடக்கும் பலகை எப்படி வளர்ந்தது என்று சொல்லாது. "என்ன மரம்?" என்று கேட்கிறவரிடம் "அதன்மேல் என்ன நிற்கப்போகிறது?" என்று கேளுங்கள். சிலருக்குக் கோபம் வரும். வரட்டும்.

இப்போது நிலைமை இது. அந்தத் தொடர்மாடியில் லிப்ட் ஓடுகிறது. நிஸாம் நானாவின் தளங்களில் குழிக்குள் இரும்புத் தட்டுகள் போடுகிறார்கள். மற்ற இடங்களில் பெட்டிப் பலகைகளே போடுகிறார்கள். யோகராஜா கல்கிசையில் இன்னொரு குழிக்குள் வேலை செய்கிறார். கொக்கியைச் சுவரில் மாட்டுகிறார். பயம் போய்விட்டதா என்று போன கிழமை கேட்டேன், இல்லை என்றார். எனக்கும் இல்லை.